ஒலியால் கடலடி வரைபடம் போடும் நாயகி: வேலை விவரம் பிசகாமல் இருக்கணும், தெரிஞ்சவங்க சொல்லுங்க

குளச்சல்_கதையாளன்:
நாவல் ஒன்று எழுதிட்டிருக்கேன். நாயகி செலின், கடியப்பட்டணத்துக்காரி. முழுக்கக் கற்பனைப் பாத்திரம். 1986-ல் வேலையைத் தொடங்குறா, 2005 வாக்கில் நிறுத்துறா. முட்டத்திலிருந்து குமரிமுனை வரைக்கும் கடலுக்குள்ள கிடக்கிற பார்களை (பாறைத் திட்டுகளை) எக்கோ சவுண்டர், அதாவது ஒலியால ஆழம் பார்க்கிற கருவி, வச்சு அளந்து, நம்ம கரைக்காரங்க கையில வச்சுக்கிற மாதிரி ஒரு வரைபடம் போடுறதுதான் அவ வாழ்க்கை.

முதல் அத்தியாயத்தில் அவ வள்ளத்துல உட்கார்ந்து, காதுல ஹெட்போன் மாட்டி எதிரொலியைக் கேட்டே ஆழத்தைக் குறிச்சுக்கிறா. கரையில திருவள்ளுவர் சிலையையும் முட்டம் விளக்கையும் அடையாளமா வச்சுக்கிறா. இது சரியா? அப்புறம், அவளோட முதல் வரைபடத்தில் ஒரு பார் இடம் மாறி விழணும். அதை நம்பிப் போட்ட வலை கிழியணும். கருவி கெட்டுப்போச்சுன்னு சும்மா எழுத மனசில்லை. வேலை தெரிஞ்ச ஒருத்திக்கே நடக்கக்கூடிய பிசகு என்னவா இருக்கும்? கடைசியா, பெரியவங்க பார்க்கிற கணியமும் (கரை அடையாளங்களை ஒண்ணுக்கொண்ணு நேரா வச்சு இடம் பிடிக்கிற முறை) இவளோட எண்களும் எங்கே மோதும்?

ஈயக்குண்டு:
முதலில் திருத்த வேண்டியதைச் சொல்லிவிடுகிறேன். திருவள்ளுவர் சிலை திறக்கப்பட்டது 2000 ஜனவரி 1. 1986-ல் அந்தப் பாறை வெறுமனே கிடந்தது. அப்போது குமரிமுனையில் அடையாளமாக எடுக்கக்கூடியவை 1970-ல் திறந்த விவேகானந்தர் மண்டபமும் அதற்கும் முந்தைய காந்தி மண்டபமும்தான். மேற்கே முட்டம் கலங்கரை விளக்கம். இடையில் கரையோரக் கோயில் கோபுரங்களும் தேவாலயக் கோபுரங்களும் தாராளமாக உண்டு.

ஹெட்போனையும் கழற்றிவிடுங்கள். ஆழம் பார்க்கும் கருவி அனுப்பும் ஒலி 50 அல்லது 200 கிலோஹெர்ட்ஸ். மனிதக் காதின் எல்லை ஏறத்தாழ 20 கிலோஹெர்ட்ஸ். டிரான்ஸ்டியூசர், அதாவது ஒலியை நீருக்குள் அனுப்பி எதிரொலியை வாங்கும் பகுதி, பக்கத்தில் காதை வைத்தால் ஒவ்வொரு துடிப்புக்கும் ஒரு 'டிக்' கேட்கும், அவ்வளவுதான். அது கிளம்பிய ஒலி, திரும்பி வந்தது அல்ல. அவள் கேட்பவள் அல்ல, பார்ப்பவள். பார்ப்பது காகித ரோலை.

1986-ல் ஒரு வள்ளத்தில் வைக்கக்கூடியது காகிதத்தில் எழுதும் எக்கோ சவுண்டர். ஒரு பெல்ட்டில் கட்டிய ஸ்டைலஸ் ஊசி, மேலிருந்து கீழாகக் காகிதத்தைத் தடவிக்கொண்டே ஓடும். ஒலி கிளம்பும்போது மேலே ஒரு கோடு, எதிரொலி வரும்போது கீழே ஒரு பொறி. அந்தப் பொறி காகிதத்தின் வெளிறிய மேற்பூச்சை எரித்து அடியிலுள்ள கரியை வெளிக்காட்டும். லேசான கருகல் நாற்றம் நாள் முழுக்க இருக்கும், ரோலைத் தொட்ட விரலெல்லாம் கரி. இதை எழுதினால் அந்தக் காலத்தில் வேலை பார்த்தவர்கள் உடனே தலையாட்டுவார்கள்.

ஊசியின் வேகம்தான் ஆழத்தின் அளவுகோல். மோட்டார் சுற்று குறைந்தால் ஊசி மெதுவாக ஓடும், அதே நேரத்தில் குறைந்த தூரமே போயிருக்கும், ஆகவே 30 மீட்டர் ஆழம் 29 என்று விழும். 12 வோல்ட் பேட்டரி மதியத்துக்குள் இறங்கினால் இந்த வம்பு வரும். வெளிமோட்டாரிலிருந்து சார்ஜ் ஏறாத வள்ளத்தில் இரண்டு பேட்டரி ஏற்றிப் போவதுதான் புத்தி.

இன்னொன்று, அளவு மாற்றும் திருகு. 0–20, 20–40 என்று கட்டம் கட்டமாக மாற்றிக்கொள்ள வேண்டும். எந்தக் கட்டத்தில் இருக்கிறோம் என்று ரோலிலேயே எழுதாவிட்டால் 12 மீட்டரும் 32 மீட்டரும் ஒரே இடத்தில்தான் தெரியும். ரோலைக் கரைக்குக் கொண்டுவந்து மேசையில் விரித்தவருக்கு வேறுபாடு தெரிய வழியே இல்லை.

இடம் எப்படிக் குறிப்பாள்? ஜிபிஎஸ் கிடையாது. இரண்டு பேர், இரண்டு செக்ஸ்டன்ட் (கோணம் அளக்கும் கைக்கருவி). கரையில் மூன்று அடையாளம். இடதுக்கும் நடுவுக்கும் உள்ள கோணத்தை ஒருவர், நடுவுக்கும் வலதுக்கும் உள்ள கோணத்தை இன்னொருவர், இருவரும் ஒரே நொடியில் பிடிக்க வேண்டும். மூன்றாவது ஆள் "பிக்ஸ்" (இடத்தைக் குறி) என்று குரல் கொடுத்து சவுண்டரின் பொத்தானை அழுத்துவார். காகிதத்தில் மேலிருந்து கீழ்வரை ஒரு நேர்கோடு விழும், அதன் மேல் எண் எழுதப்படும். நிமிடத்துக்கு ஒன்று, இல்லையென்றால் இரண்டு நிமிடத்துக்கு ஒன்று. நான்காவது ஆள் சுக்கானில். செலின் தனியாகப் போய் அளப்பதாக எழுதாதீர்கள், அந்த வேலைக்குக் குறைந்தது நான்கு பேர் வேண்டும்.

உங்கள் கதைக்கான பிசகு இங்கேதான் இருக்கிறது. மூன்று அடையாளமும் வள்ளமும் ஒரே வட்டத்தின் மேல் விழுந்துவிட்டால், அந்த வட்டத்தில் எங்கே நின்றாலும் இரண்டு கோணமும் மாறாது. இடத்தைக் கண்டுபிடிக்கவே முடியாது, ஆனால் கோணங்கள் என்னவோ துல்லியமாகத்தான் இருக்கும். உதாரணம் தருகிறேன். கரையில் 10 கிலோமீட்டர் இடைவெளியில் இரண்டு கோபுரம், நடுவில் 5 கிலோமீட்டர் உள்ளே ஒரு மலையுச்சி. இந்த மூன்றையும் தொடும் வட்டத்தின் ஆரம் 5 கிலோமீட்டர். கரைக்கு நேர் தெற்கே 5 கிலோமீட்டரில் நிற்கும் வள்ளம் அதே வட்டத்தின் மேல். புதிதாக வேலை செய்பவர் மலையைத்தான் நடு அடையாளமாக எடுப்பார், காரணம் அது எங்கிருந்தும் தெரியும். நடு அடையாளம் மற்ற இரண்டைவிட வள்ளத்துக்குப் பக்கத்தில் இருக்க வேண்டும், அல்லது மூன்றும் ஒரே நேர்கோட்டில் இருக்க வேண்டும் என்பது விதி. செலின் கவனக்குறைவானவள் அல்ல, மலை நன்றாகத் தெரிந்ததால் அதை எடுத்தாள் என்று வைத்தால் வாசகருக்கு உறுத்தாது.

அதிர்வெண்_200:
அண்ணாச்சி சொன்னது இடத்தைப் பத்தி. நான் ஆழத்தைப் பத்திச் சொல்றேன், ஏன்னா பார் எந்த உருவத்தில் தெரியும்ங்கிறதுதான் வலை போடுறவனுக்கு முக்கியம்.

ஒலி நூல் பிடிச்ச மாதிரி நேரா இறங்காது, விரிஞ்சுக்கிட்டே போகும். சாதாரண 50 கிலோஹெர்ட்ஸ் டிரான்ஸ்டியூசர் 40 டிகிரி பக்கம் விரியும், 200 கிலோஹெர்ட்ஸ் 10–15 டிகிரிக்குள்ள நிக்கும். 30 மீட்டர் ஆழத்தில் 40 டிகிரின்னா கடலடியில் கிட்டத்தட்ட 22 மீட்டர் அகலத்தை ஒரே அடியில் 'பார்க்கும்'. 12 டிகிரின்னா 6 மீட்டர்தான். கருவி காட்டுற ஆழம் அந்த வட்டத்துக்குள்ள எது முதல்ல எதிரொலிக்குதோ அதோடது. அதாவது மிக அருகில் உள்ள மேடு.

விளைவு என்னன்னா, பார் வள்ளத்துக்கு அடியில் வரும் முன்னாடியே பக்கவாட்டில் தெரிய ஆரம்பிச்சிடும். தூரத்தில் இருக்கும்போது ஆழமா, நேர் மேலே வரும்போது உயரமா, தாண்டும்போது திரும்ப ஆழமா, வில்லா வளைஞ்சு விழும். செங்குத்தா வெட்டி நிக்கிற பாரின் பக்கம் காகிதத்தில் சாய்வாத்தான் வரும். ரெண்டு பாருக்கு நடுவில் 8 மீட்டர் இடுக்கு இருந்தா 50 கிலோஹெர்ட்ஸில் அந்த இடுக்கே தெரியாது, மேடா மூடிடும். மீன் நிக்கிறது அந்த இடுக்கில்தான். வரைபடத்தில் ஒரே பாரா காட்டியிருப்பா, ஆனா பெரியவங்க "அங்க ரெண்டு பார் கிடக்கு, நடுவால வலை போகும்"னு சொல்வாங்க. கணியமும் எண்ணும் மோதுற இடம் இது ஒன்னு. அவங்க சொல்றதுதான் சரி.

அடி பாறையா சேறான்னு கண்டுபிடிக்க ரெண்டாவது எதிரொலியைப் பாக்கணும். ஒலி அடியில் பட்டு மேலே வந்து, நீர்மட்டத்தில் பட்டு திரும்ப இறங்கி மறுபடி வரும். 20 மீட்டரில் அடி இருந்தா 40-ல் ஒரு நிழல் கோடு. பாறைன்னா அந்த நிழல் கருப்பா தெளிவா இருக்கும். சேறுன்னா ஒலியை முழுங்கிடும், நிழலே இருக்காது, முதல் கோடும் கலங்கலா வரும். இதை மட்டும் நம்பாம ஈயக்குண்டையும் இறக்கணும். குண்டின் அடிக்குழியில் கிரீஸோ சோப்போ அப்பி இறக்கினா மணல், சிப்பித்தூள், சேறு எதுன்னு ஒட்டிக்கிட்டு வரும். எதுவும் ஒட்டாம கிரீஸ் மேல கீறல் விழுந்து வந்தா பார்.

அடுத்து ஒலியின் வேகம். கருவிகள் பொதுவா நொடிக்கு 1500 மீட்டர்னு வச்சுத்தான் வரும். நம்ம கடல்ல 29 டிகிரி வெப்பம், வழக்கமான உப்புன்னா 1540-க்குக் கொஞ்சம் மேலே. 40 மீட்டர் உண்மையான ஆழம் 39-ஆ தெரியும். ஜூலை, ஆகஸ்ட்டில் தென்மேற்குப் பருவக்காற்றால் அடியிலிருந்து குளிர்ந்த தண்ணி மேலே எழும். 22 டிகிரிக்கு இறங்கினா வேகம் 1527 பக்கம். ஒரே பார் பிப்ரவரியிலும் ஆகஸ்ட்டிலும் ஒரு சதவீத வித்தியாசத்தில் விழும்.

இதைச் சரிக்கட்ட சூத்திரம் தேவையில்லை. ஒரு இரும்புத் தகட்டைச் சங்கிலியில் கட்டி டிரான்ஸ்டியூசருக்கு நேர் கீழே 2, 5, 10 மீட்டரில் நிறுத்தி, கருவி என்ன காட்டுதுன்னு பாத்துத் திருத்த வேண்டியதுதான். காலைல வேலை தொடங்கும் முன் ஒரு தடவை, முடிச்சதும் ஒரு தடவை. கயிறு கூடாது, நனைஞ்சா நீளம் மாறும். நீரோட்டம் இழுத்தா தகடு ஒலிக்கூம்பை விட்டு விலகிப்போகும், அதனால ஓட்டம் அடங்கின நேரத்தில் செய்யணும்.

டிரான்ஸ்டியூசரைப் பின்பக்கம் மாட்டாதீங்க. மோட்டார் காத்தாடி கிளப்புற குமிழில் ஒலி செத்துடும், வேகம் கூடினதும் அடிக்கோடு துண்டு துண்டா உடையும். வள்ளத்தின் நடுப்பக்கத்தில் ஒன்றரை அங்குல ஜிஐ குழாயைக் கிளாம்ப் போட்டு நிறுத்தி, வள்ளத்தடிக்குக் கீழே ஒரு அரை மீட்டர் இறங்கினாப்புல முகத்தை வைக்கணும். குழாய் நடுங்காம முன்னும் பின்னும் கயிறு இழுத்துக் கட்டணும். நீர்மட்டத்திலிருந்து அந்த முகம் எவ்வளவு கீழே இருக்கோ அதை ஒவ்வொரு ஆழத்தோடும் கூட்டணும். ஆளும் பேட்டரியும் ஏறினதுக்குப் பிறகு அளக்கணும், கரையில கிடக்கும்போது அளந்தது உதவாது.

குளச்சல்_கதையாளன்:
அந்த வட்டத்து விஷயம் போதும் அண்ணாச்சி, கதை நின்னிடுச்சு. ரெண்டு சந்தேகம். அலை வள்ளத்தை ஏத்தி இறக்குமே, ரோலில் வர்ற மேடுபள்ளம் அலையா பாறையான்னு செலின் எப்படிப் பிரிப்பா? அப்புறம் 90-களில் அவ கைக்கு ஜிபிஎஸ் வந்ததும் எல்லாம் சுலபமாயிடுமா?

வரைகோடு:
சுலபமாகாது, இன்னும் சிக்கலாகும். அதைச் சொல்லும் முன் கணியக் கணக்கு ஒன்று. பெரியவர் கோபுரச் சிலுவையை மலையின் ஒரு வெட்டுக்கு நேராக வைக்கிறார் என்று கொள்வோம். கோபுரம் 4 கிலோமீட்டர் தூரத்தில், மலை 19 கிலோமீட்டரில். வள்ளம் 30 மீட்டர் பக்கவாட்டில் விலகினால் சிலுவை மலைவெட்டிலிருந்து 0.34 டிகிரி நகரும். முழுநிலவின் அகலம் அரை டிகிரி. அதில் மூன்றில் இரண்டு பங்கு விலகல் வெறுங்கண்ணுக்கே தெரியும், பழகிய கண் பத்து மீட்டரையும் பிடிக்கும். இதே போல வேறு திசையில் இன்னொரு ஜோடி. இரண்டு கோடும் ஒன்றையொன்று 60 முதல் 90 டிகிரிக்குள் வெட்டினால் இடம் உறுதி. 20 டிகிரியில் வெட்டினால் நீளவாக்கில் வழுக்கும்.

2000 மே மாதத் தொடக்கம் வரை அமெரிக்கா ஜிபிஎஸ் சிக்னலில் வேண்டுமென்றே பிழை கலந்து விட்டது. பொதுமக்கள் கருவியில் 100 மீட்டர் வரை தள்ளிக் காட்டும், அதுவும் நிமிடத்துக்கு நிமிடம் அலையும். 1996-ல் செலின் கையில் புது ஜிபிஎஸ்ஸோடு நிற்கிறாள், பக்கத்தில் பெரியவர் கணியத்தோடு நிற்கிறார் என்றால், பாருக்கு மேல் இருப்பது பெரியவர். இதுதான் உங்கள் மோதல். எந்திரத்துக்கு எதிராக அனுபவம் என்று உருகத் தேவையில்லை, கணக்கே அவர் பக்கம். ஒன்று மட்டும், மழைமேகம் மலையை மறைத்தால் கணியம் கிடையாது. அதற்குத்தான் ஒரே பாருக்குப் பக்கத்து அடையாளங்களில் மாற்றுக் கணியம் ஒன்றும் வைத்திருப்பார்கள்.

ஜிபிஎஸ் காலத்தில் வேறு இரண்டு பொறி. பழைய இந்திய நிலவரைபடங்கள் எவரெஸ்ட் நீள்கோளம் என்ற பழைய பூமி வடிவக் கணக்கின் அடிப்படையில் போட்டவை, ஜிபிஎஸ் தருவது டபிள்யூஜிஎஸ் 84 என்ற வேறு கணக்கில். மாற்றாமல் ஒன்றின் மேல் ஒன்றை வைத்தால் நம் பகுதியில் 100 மீட்டரைத் தாண்டும் விலகல். கரைக்கோடு ஒன்றிலிருந்து, பார் இன்னொன்றிலிருந்து வந்தால் வரைபடம் பார்க்க அழகாக இருக்கும், பயன்படாது.

அடுத்தது நோட்டில் எழுதும் முறை. 8 டிகிரி 5.50 நிமிடம் என்று கருவி காட்டுகிறது. யாரோ அதை 8 டிகிரி 5 நிமிடம் 50 நொடி என்று எழுதிவிடுகிறார். உண்மையில் 5.50 நிமிடம் என்றால் 5 நிமிடம் 30 நொடி. வித்தியாசம் 20 நொடி, கடலில் ஏறத்தாழ 617 மீட்டர் வடக்கே. புள்ளிக்குப் பின் வரும் எண் 60-க்கு மேல் இருந்தால் கண்ணில் பட்டுவிடும், 60-க்குக் கீழே இருந்தால் யாருக்கும் சந்தேகம் வராது. கையால் எழுதிய நோட்டு கைமாறும் கரையில் இதைவிட நம்பகமான பிசகு கிடையாது. 90-களின் கடைசியில் இரண்டாவது வலை கிழிய வேண்டுமானால் இதை எடுத்துக்கொள்ளுங்கள்.

அலை விஷயம்: ஒரே கோட்டில் இரண்டு வேகத்தில் ஓட வேண்டும். பாறையின் மேடு தரையில் கட்டிப்போட்டது. வேகத்தைப் பாதியாக்கினால் ரோலில் அது இரண்டு மடங்கு நீளமாக இழுபடும். அலையின் ஏற்ற இறக்கம் நேரத்தோடு போவது, ரோலில் அதன் இடைவெளி பெரிதாக மாறாது. நம் கடலில் தூரத்து நீளலை 12–16 நொடிக்கு ஒருமுறை வரும், அந்த ஒழுங்கே காட்டிக்கொடுத்துவிடும். சமதரையில் மேட்டுக்கும் பள்ளத்துக்கும் நடுவே பென்சிலால் சராசரிக் கோடு இழுக்கலாம். பாரின் உச்சியில் இழுக்கக் கூடாது, உச்சியே மழுங்கிவிடும். கள்ளக்கடல் (தூரத்திலிருந்து திடீரென வரும் பெரும் நீளலை) அடிக்கும் நாளில் அளக்கவே வேண்டாம். காற்றே இல்லாமல் கடல் எண்ணெய் போலக் கிடந்தாலும் நீளலை வள்ளத்தை ஒரு மீட்டர் ஏற்றி இறக்கும்.

ஈயக்குண்டு:
ஏற்றவற்றத்தை, அதாவது கடல்மட்டம் தினமும் ஏறி இறங்குவதை, விட்டுவிட்டோம். குமரிக் கரையில் அது சிறியது, பெரும்பாலும் ஒரு மீட்டருக்குள். அதனால் பலர் கழித்துக்கூடப் பார்ப்பதில்லை. ஆனால் 30 மீட்டர் ஆழத்துக்கு சர்வதேச நீரளவை அமைப்பு ஒன்று-ஏ தரத்தில் அனுமதிக்கும் மொத்தப் பிழையே 63 சென்டிமீட்டர்தான். ஏற்றவற்றம் ஒன்றே அதைத் தின்றுவிடும்.

அலை அடங்கிய பாறை மறைவில் அளவுக்கோல் ஒன்றை நட்டு, பத்து நிமிடத்துக்கு ஒருமுறை படிக்க ஆள் வைக்க வேண்டும். கோலைச் சுற்றி அடியில் சிறு துளையிட்ட ஒளிபுகும் குழாயை மாட்டினால் உள்ளே நீர் குதிக்காது. கோலின் பூச்சியத்தைப் பக்கத்துப் பாறையில் உளியால் வெட்டிய குறியோடு மட்டம் பார்த்து இணைத்துவிட்டால், கோலை அலை அடித்துப் போனாலும் அடுத்த நாள் அதே மட்டத்தில் நடலாம். இந்த வேலையை செலினின் தம்பிக்கோ பக்கத்து வீட்டுப் பையனுக்கோ கொடுங்கள். பையன் தூங்கிப்போன ஒரு மணி நேரத்து அளவை பிறகு எந்தக் கணக்காலும் மீட்க முடியாது, அந்தக் கோடுகளை மறுபடி ஓட வேண்டியதுதான்.

கோடுகள் கரைக்குச் செங்குத்தாக ஓடும், ஆழம் மாறும் திசை அதுதான். 1:10,000 வரைபடத்துக்கு வழக்கம் தாளில் 1 சென்டிமீட்டர் இடைவெளி, கடலில் 100 மீட்டர். 30 மீட்டர் அகலமுள்ள பார் இரண்டு கோட்டுக்கு நடுவே முழுசாக ஒளிந்துகொள்ளும். ஆகவே பெரியவர்களிடம் கேட்டு, அவர்கள் சொன்ன இடத்தில் 25 மீட்டர் இடைவெளியில் நெருக்கி ஓட வேண்டும். அதன் பிறகு கரைக்கு இணையாகச் சில குறுக்குக் கோடுகள். வெட்டும் இடத்தில் இரண்டு ஆழமும் ஒத்துவந்தால்தான் அன்றைய வேலை தேறும்.

ஒரு துணைத் தகவல். அட்லாண்டிக் கடலடியை எதிரொலி அளவைகளிலிருந்து வரைந்த மேரி தார்ப், 1968 வரை ஆய்வுக் கப்பலில் ஏறியதில்லை. பிறர் கொண்டுவந்த ரோல்களை வைத்தே நடுக்கடல் மலைத்தொடரின் பிளவுப் பள்ளத்தைக் கண்டுபிடித்தார். பெண்பிள்ளைப் பேச்சு என்று முதலில் ஒதுக்கப்பட்டது அது. செலினை எப்போதும் வள்ளத்திலேயே வைக்க வேண்டாம். ஒரு நாள் கடலுக்கு மூன்று நாள் மேசை, இந்த வேலையின் கணக்கு அப்படித்தான்.

குளச்சல்_கதையாளன்:
மேசை வேலையை ஒரு பக்கத்துக்கு எழுதணும். ரோலில் என்னென்ன எழுதியிருப்பா, தாளில் எதை முதல்ல வைப்பா?

அதிர்வெண்_200:
ரோலின் தலைப்பில் தேதி, கோட்டு எண், தொடங்கின நேரம், டிரான்ஸ்டியூசர் எவ்வளவு கீழே, தகட்டுச் சோதனை காட்டினது, எந்த அளவுக் கட்டம். கட்டம் மாத்தின ஒவ்வொரு இடத்திலும் திரும்பவும். மீன்கூட்டம் மேல போகும்போது அடிமாதிரியே ஒரு பொய்க்கோடு விழும், அதை வள்ளத்திலேயே வட்டம் போட்டு 'மீன்'னு எழுதணும். கரைக்கு வந்து பாத்தா பார்னு தோணும்.

தாளில் முதல்ல மூன்று கரையடையாளம், பிறகு ஒவ்வொரு பிக்ஸும். மூன்று கை உள்ள கோணமானியில் ரெண்டு கோணத்தையும் பூட்டி, கைகள் மூன்று அடையாளத்திலும் படுற வரைக்கும் தாளின் மேல நகர்த்தி, நடுத்துளையில் பென்சிலால் குத்துவா. வட்டத்துப் பிசகு இருந்தா கோணமானி தாளில் வழுக்கிக்கிட்டே போகும், எங்கே வச்சாலும் மூன்று கையும் பொருந்தும். கதையில் அவளுக்கு அது புரியுற இடம் கடல் இல்லை, இந்த மேசை.

ரெண்டு பிக்ஸுக்கு நடுவில் உள்ள ஆழங்களை ரோலிலிருந்து சமமாப் பிரிச்சு இறக்கணும். ஆனா உச்சி ஆழம் சம இடைவெளியில் வராது, அதைத் தனியா எடுத்து எழுதணும். மீட்டரைப் பெருசா, தசமத்தை அதன் வலது கால்மாட்டில் சின்னதா. சமஆழக் கோட்டைக் கடைசியில்தான் இழுக்கணும், அதுவும் சந்தேகம் இருந்தா ஆழம் கூடின பக்கம் தள்ளி, மேடு பெருசாத் தெரியுற மாதிரி. வலை போடுறவன் 18 மீட்டர்னு நம்பிப் போய் 20-ல் நின்னா நஷ்டமில்லை. 20-ன்னு நம்பி 18-ல் போனா வலை பாறையில் மாட்டும்.